மிளகளவு துளை

காலையில் முதுகில் துளை போட்டுக்கொண்டு, அந்தத் துளைமேல் ஒட்டிய பிளாஸ்திரி சூடு ஆறுவதற்குள், சாயந்திரமே தொண்ணூற்றாறு படிகளையும் கைப்பிடியைத் தொடாமல் இறங்கியதாக மீட்டர்காரர் சொன்னார். இறங்கிய வேகத்தில், எதிரே ஏறிவந்த பூனை சுவரோரம் ஒதுங்கி வழிவிட்டதாம்.

முடிவெட்டும் கடையில் அப்போது நான்கு பேர் இருந்தார்கள். ஒருவர் முகத்தில் சோப்பு நுரை. சிரித்ததில் அது கண்ணாடிவரை பறந்தது.

"பூனை வணக்கம் வைக்கலையா?" என்றார் கடைக்காரர், கத்தியைத் துடைத்துக்கொண்டே.

"வைக்கத்தான் வந்துச்சு. நேரமில்ல, அப்புறம் பாத்துக்கலாம்னுட்டேன்."

"போன வருஷம் என்ன சொன்னீங்க? நாலு டாக்டர், ஏழு மணி நேரம், முதுகைக் கதவு மாதிரி ரெண்டா திறக்கணும்னீங்க. இப்ப மிளகளவு ஓட்டைங்கறீங்க. ஓட்டை எங்க? உங்க வாயிலதானே இருக்கு."

மீட்டர்காரரும் சேர்ந்து சிரித்தார். இந்த நான்கு பேர் நம்பாவிட்டால் போகிறது. அவர் சொல்வதில் கால்வாசியை மட்டும் எடுத்துக்கொள்வது அந்தத் தெருவின் நெடுநாள் வழக்கம். நம்பவேண்டிய ஆள் ஒருத்திதான். அவள் அந்தப் படிகளின் அடியில், கடைசி வீட்டில் இருந்தாள். அவருடைய அக்கா. முந்தின நாள் சாயந்திரம் அவர் சொன்னதைக் கேட்டுவிட்டு, அவள் சிரிக்கக்கூட இல்லை; கதவைச் சாத்திக்கொண்டாள்.

மீட்டர்காரர் என்ற பேர் சும்மா வந்ததில்லை. முப்பத்து நான்கு வருடம் வீடு வீடாகப் போய் மின்சார மீட்டரில் எண் பார்த்துக் குறித்த மனிதர். அவர் நடந்த நடையை நூலாகச் சுற்றினால் பூமிக்கு ஒரு சட்டை தைத்து, மீதியில் நிலாவுக்குக் கைக்குட்டை வைத்திருக்கலாம். ஓய்வு பெற்ற மூன்றாம் வருடம் அந்தக் கால்கள் மக்கர் பண்ண ஆரம்பித்தன. முதலில் முந்நூறு அடி நடந்தால் தொடையிலிருந்து பாதம்வரை எரிந்தது. பிறகு நூறு அடி. பிறகு நாற்பது. நாற்பத்து ஒன்றாவது அடியில் இரண்டு காலும் ஈரமணல் மூட்டையாகிவிடும். உட்கார்ந்தால் இரண்டு நிமிடத்தில் ஒன்றுமே நடக்காததுபோல் இருக்கும்.

வியாதி என்று இருந்தால் அதற்கு ஒரு நாணயம் வேண்டாமா? இதற்கு இல்லை. நிமிர்ந்து நின்றால் கொல்லும், குனிந்தால் கொஞ்சும். கடையில் சாமான் வண்டியின் கைப்பிடியில் சாய்ந்துகொண்டு ஒரு மணி நேரம் சுற்றுவார். "அந்த வண்டியையே கட்டிக்கிட்டிருக்கலாம் நீங்க, எனக்காவது நிம்மதி" என்பாள் மனைவி. சைக்கிளில் ஏறிக் குனிந்து கைப்பிடியைப் பிடித்துவிட்டால் காற்றுதான். படி ஏறச் சொன்னால் முன்னே சாய்ந்து ஆடு மாதிரி ஏறுவார். இறங்கும்போதுதான் உடம்பு தானாகப் பின்னே நிமிரும், முதுகு வளையும், கால் இரண்டும் கடையைச் சாத்திவிடும்.

ஏறுவேன், ஆனால் இறங்க மாட்டேன் என்று ஒருவர் சொன்னால் உலகத்தில் யார் நம்புவார்கள்?

அக்கா வீட்டுக்குச் சாலை கிடையாது. மேலே முடிவெட்டும் கடை; அதன் பக்கத்திலிருந்து செங்குத்தாக இறங்கும் தொண்ணூற்றாறு கல்படிகள்; அடியில் ஆறு வீடுகள். அக்காவின் கணவருக்கு, மீட்டர்காரரின் அத்தானுக்கு, நுரையீரல் பாதி போய்விட்டிருந்தது. மூக்கில் குழாய், பக்கத்தில் முனகிக்கொண்டே இருக்கும் மூச்சு இயந்திரம். வாசலைத் தாண்டினால் மூச்சு தாண்டாது. ஏற முடியாத அத்தான் கீழே, இறங்க முடியாத மச்சான் மேலே. நாற்பது வருடமாக ஞாயிறு தவறாமல் சீட்டு விளையாடிய இரண்டு பேரை எதிரி யாராவது யோசித்துப் பிரித்திருந்தால்கூட இவ்வளவு கச்சிதமாகப் பிரித்திருக்க முடியாது.

ஒரு தடவை முயற்சி செய்தார். பதினெட்டாவது படியில் கால்கள் கைவிட்டன. ஈரக்கல்லில் அரைமணி நேரம் உட்கார்ந்திருந்துவிட்டு, நாலு காலில் திரும்பி மேலே ஏறினார். இதை மட்டும் அவர் கடையில் சொல்லவில்லை. எது நிஜமாக நடந்ததோ அதைச் சொல்ல அவருக்கு வாய் வராது.

"நாலு பேரை விட்டுத் தூக்கிட்டு வரச் சொல்லட்டுமா?" என்று அக்கா போனில் கேட்டாள்.

"நாலு பேர் தூக்கற வயசு எனக்கு இன்னும் வரலக்கா."

அந்த நாட்களில்தான் முதுகெலும்பு டாக்டரைப் பார்த்தார். மெல்லப் பேசும் பெண். படத்தை விளக்குப் பலகையில் மாட்டி, பேனா முனையால் காட்டினாள்.

"நரம்பு போற பாதை இங்க குறுகிப்போச்சு. எலும்பைச் சேர்த்துக் கட்டியிருக்கிற நார் வயசாக ஆகத் தடிச்சுடும். நீங்க நிமிர்ந்தா அது மடிஞ்சு நரம்பை அமுக்குது. குனிஞ்சா இழுபட்டு வழி விடுது. அதான் சைக்கிள் ஓட்ட முடியுது, நடக்க முடியல."

மீட்டர்காரருக்கு அவளைக் கும்பிடலாம்போல் இருந்தது. நடிக்கவில்லை என்று படமே சொல்கிறது.

"என்ன செய்யலாம் டாக்டர்?"

"உடற்பயிற்சி செஞ்சு பாத்துட்டீங்க. முதுகுல மருந்து ஊசியும் போட்டுப் பாத்தாச்சு, ரெண்டு மாசம்தான் தாங்குச்சு. பெரிய ஆபரேஷன் இப்போதைக்கு வேண்டாம். நடுவுல ஒண்ணு இருக்கு. மெல்லிசான குழாய் ஒண்ணை உள்ள விட்டு, எக்ஸ்ரே திரையில பாத்துக்கிட்டே அந்தத் தடிச்ச நாரை மட்டும் கொஞ்சம் கொஞ்சமா செதுக்கி எடுப்போம். மயக்கம் கொடுத்துத் தூங்க வைக்க வேண்டாம், மரத்துப்போற ஊசி போதும். தையல் கிடையாது. காலையில வந்தா சாயந்திரம் வீடு. எல்லாருக்கும் கேக்கும்னு சொல்ல மாட்டேன். உங்க படத்தைப் பாத்தா உங்களுக்குக் கேக்கும்னு தோணுது."

"துளை எவ்வளவு பெரிசா இருக்கும்?"

"மிளகு அளவு."

மீட்டர்காரரின் முகம் விழுந்துவிட்டது. இதற்காகவா இத்தனை பாடு? தன் வலியை அவர் தெருவில் வளர்த்திருந்த வளர்த்தி கொஞ்சமா? மூன்று யானைகள் முறை வைத்து முதுகில் ஏறி இறங்குவதாகச் சொல்லியிருந்தார். மருத்துவக் கல்லூரியில் தன் முதுகைப் பாடமாக வைக்கக் கேட்கிறார்கள் என்று சொல்லியிருந்தார். ஏழு மணி நேர ஆபரேஷன், பிழைத்தால் கால் போகும், கால் பிழைத்தால் ஆள் போகும் என்று சொல்லியிருந்தார். அத்தனை பெரிய வலிக்கு மிளகளவு வைத்தியமா? அதைச் செய்துகொண்டு, சின்னப் பிளாஸ்திரியோடு அந்தக் கடைப் படி ஏறினால் நுரை பூசிய முகங்கள் என்ன சொல்லும்?

"யோசிச்சுச் சொல்றேன் டாக்டர்" என்று எழுந்துவந்தார்.

பதினான்கு மாதம் யோசித்தார்.

அத்தான் வாரம் ஒருதரம் போன் செய்வார். ஒரு வாக்கியத்துக்கு மூன்று மூச்சு.

"மச்சான்... எப்ப வர்றே?"

"அடுத்த வாரம் அத்தான்."

"சீட்டுக்கட்டு... தூசி புடிக்குது."

"தட்டி வைங்க. வந்து உங்களைத் தோக்கடிக்கிறேன்."

"தோத்துக்கிட்டே... சொல்றவன்டா நீ."

மனைவி கேட்டுக்கொண்டே காய் நறுக்குவாள். "அந்த டாக்டரம்மா ஆஸ்பத்திரியிலேர்ந்து மூணாவது தடவையா கூப்பிட்டுட்டாங்க. ஒரு நாள் வேலைங்க. பல்லு புடுங்கப் போறமாதிரி போயிட்டு வந்துடலாம்."

"முதுகெலும்பும் பல்லும் ஒண்ணா உனக்கு?"

இதற்கிடையில் ஒரு நாள் அக்கா மருந்து வாங்க மேலே வந்தாள். மருந்துக்கடை வாசலில் அவள் நிற்க, எதிரே மீட்டர்காரர் சைக்கிளில் போனார். பின்னால் காய்கறி மூட்டை, முன்னால் சீட்டி. கால் போய்விடும் என்ற தம்பி, மாப்பிள்ளை ஊர்வலம்போல ஜம்மென்று வளைவு திரும்பி மறைந்தார். அவர் அவளைப் பார்க்கவில்லை. அன்றிலிருந்து அவள் அவர் போனை எடுக்கவில்லை. அத்தான்மேல் இவனுக்கு ஏதோ மனத்தாங்கல். சீட்டாட்டத்தில் ஒரு வார்த்தை தடித்திருக்கும். அதைச் சொல்ல வாயில்லாமல் முதுகைச் சொல்கிறான். இப்படி அவள் முடிவு கட்டிக்கொண்டாள். தப்புக் கணக்குத்தான். ஆனால் அவளிடம் இருந்த கணக்கில் அதைவிட நல்ல விடை எதுவும் வராது.

அத்தான் ஒரு நாள் காலை பதினோரு மணிக்குப் போய்ச் சேர்ந்தார்.

உடலை மேலே கொண்டுவந்துதான் வண்டியில் ஏற்றவேண்டும். நான்கு பேர் தூக்கி, ஒவ்வொரு படியாக நின்று நின்று ஏறினார்கள். மீட்டர்காரர் மேல்படியில் நின்றார். நிமிர்ந்து நிற்க முடியவில்லை. சைக்கிள் கைப்பிடியில் இரு முழங்கைகளையும் ஊன்றிக் குனிந்துகொண்டார். அப்படி நின்றால்தான் நிற்கவே முடியும். பின்னால் ஏறிவந்த அக்கா தலை தூக்கிப் பார்த்தாள். பஸ்ஸுக்குக் காத்திருப்பவன்போல சைக்கிளில் சாய்ந்து நிற்கும் தம்பியைப் பார்த்தாள். வண்டியில் ஏறிக்கொண்டாள்.

எட்டாம் நாள் அவரே ஆஸ்பத்திரிக்குப் போன் செய்தார். கீழே அக்கா தனியாக இருந்தாள். போய் அவள் எதிரில் உட்காரவேண்டும், முடியாமல்தான் வரவில்லை என்று சொல்லவேண்டும், அவள் அதை நம்பவேண்டும். இதைத் தவிர அவருக்கு உலகத்தில் வேறு வேலை இருக்கவில்லை.

மேசையில் குப்புறப் படுக்க வைத்தார்கள். இடுப்புக்குக் கொஞ்சம் மேலே சுருக்கென்று ஓர் ஊசி. பிறகு அந்த இடமே யாருடையதோ ஆகிவிட்டது. அடிப்பிடித்த பாத்திரத்தைச் சுரண்டுவதுபோல ஒரு சத்தம் எலும்பு வழியாகக் காதுக்கு வந்தது.

"வலிக்குதா?"

"இல்ல டாக்டர். எப்ப ஆரம்பிப்பீங்க?"

"முடிச்சாச்சு. பிளாஸ்திரி ஒட்டறாங்க."

மதியம்வரை படுக்கவைத்துப் பார்த்தார்கள். கனம் தூக்க வேண்டாம், மெல்ல நடக்கலாம் என்று அனுப்பினார்கள். வாடகைக் கார் முடிவெட்டும் கடை முனைக்கு வந்ததும் நிறுத்தச் சொன்னார்.

"வீட்டுக்குப் போயிட்டு நாளைக்கு..." என்றாள் மனைவி.

அவர் முதல் படியில் கால் வைத்துவிட்டார்.

பதினெட்டாவது படியில் நின்றார். எரியவில்லை. முப்பது. நாற்பது. கால்கள் தம்பாட்டுக்கு இறங்கின. வலி எங்கேயாவது பிடித்துக்கொள்ளும் என்று காத்துக்கொண்டே போனார். அறுபதில் பிடிக்கும், எண்பதில் பிடிக்கும் என்று பார்த்தார். கொஞ்சமாவது வலித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். இவ்வளவு சுலபமாக இருந்ததுதான் தாங்கவில்லை.

அக்கா கதவைத் திறந்தாள். அவரை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள்.

"இன்னைக்கு எப்படி இறங்குச்சு கால்?"

"காலையில ஆபரேஷன் ஆச்சுக்கா."

"இன்னைக்குக் காலையிலயா?"

"ஆமா. மிளகளவு துளை. தடிச்ச நாரை எடுத்துட்டாங்க."

"காலையில ஓட்டை, சாயந்திரம் ஓட்டமா? சட்டையைத் தூக்கு."

தூக்கினார். அவள் குனிந்து பார்த்தாள். "இதுவா? கொசு கடிச்சாகூட இதைவிடப் பெரிசா ஒட்டுவாங்களே. ஏழு மணி நேரம்னியேடா. கால் போயிடும்னியே."

"அது சும்மா சொன்னதுக்கா."

"எது சும்மா? அன்னைக்குச் சொன்னதா, இன்னைக்குச் சொல்றதா?"

அவர் சட்டையை இறக்கிவிட்டுக்கொண்டார்.

"கடைசி வாரம் நாற்காலியை வாசலைப் பாத்துப் போடச் சொன்னாரு" என்றாள் அக்கா. "நீ போ."

கதவைச் சாத்திக்கொண்டாள். அதற்கு அடுத்த நாள்தான் கடையில் பூனைக் கதையைச் சொல்லி நுரை பறக்கவிட்டது. சிரிப்பு அடங்கி வீட்டுக்கு வந்ததும் அலமாரியிலிருந்து ஆஸ்பத்திரிக் கோப்பை எடுத்தார்.

"என்ன பண்றீங்க?"

"அக்காகிட்ட காட்டப் போறேன். எல்லாம் எழுத்துல இருக்கு. படம் இருக்கு. சீல் இருக்கு. என்னைத்தான் நம்ப மாட்டா, சீலை நம்புவா."

மனைவி கையைத் துடைத்துக்கொண்டு வந்து கோப்பின்மேல் வைத்தாள். "கோப்பு வேண்டாங்க. வாயால சொல்லுங்க. பத்து நாள் சொல்லுங்க, பதினோராம் நாள் நம்புவாங்க."

"வாயால சொல்லித்தான் இந்தக் கதி."

அது சரிதானே என்று அவளே கையை எடுத்துவிட்டாள். இரண்டு பேருமே ஒன்றை யோசிக்க மறந்தார்கள். அக்கா முப்பத்தோரு வருடம் பிறப்பு இறப்புப் பதிவு அலுவலகத்தில் குமாஸ்தா. எந்தக் காகிதம் கையில் வந்தாலும் பெயரைப் பார்க்கமாட்டாள், சீலைப் பார்க்கமாட்டாள். முதலில் தேதியைப் பார்ப்பாள்.

இந்தத் தடவை அவள் உள்ளே விட்டாள். மூச்சு இயந்திரம் மூலையில் துணி போர்த்தி நின்றது. அது முனகாத வீடு பெரிதாக இருந்தது. மீட்டர்காரர் கோப்பை மேசைமேல் விரித்து, "கடைசிப் பக்கம் பாருக்கா" என்றார்.

அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முதல் பக்கத்தைத் திருப்பினாள்.

படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். டாக்டர் எழுதியதைப் படித்தாள். நாற்பது அடிக்கு மேல் நடக்க இயலாது. சைக்கிள் ஓட்ட இயலும். இறக்கத்தில் வலி மிகும். இரண்டு தடவை படித்தாள். அவளுடைய முகம் மெல்ல இளகியது.

"சைக்கிள் மட்டும் ஓட்ட முடியும்னு நிஜமாவே இருக்காடா?"

"அதைத்தானேக்கா சொல்லிக்கிட்டிருந்தேன்."

"நான் என்னென்னமோ நெனச்சுட்டேன்." அவள் அவருடைய புறங்கையை ஒருதரம் தொட்டாள். அத்துடன் கோப்பை மூடியிருக்கலாம். மீட்டர்காரர் தன் வாழ்நாளில் வேண்டிக்கொண்டதிலேயே சின்ன வேண்டுதல் அதுதான். அவள் பக்கத்தைத் திருப்பினாள்.

விரல் ஓர் இடத்தில் நின்றது. அவர் எட்டிப் பார்த்தார். மெல்லிய குழாய் வழியாக நாரை அகற்றப் பரிந்துரைக்கப்பட்டது. அதே நாளில் வீடு திரும்பலாம். நோயாளி அவகாசம் கேட்டார். பக்கத்தில் தேதி. அதன் கீழே, போனில் நினைவூட்டப்பட்டது, பிறகு சொல்வதாகக் கூறினார். தேதி. மறுபடி போனில். தேதி. மறுபடி. தேதி.

"இது போன வருஷம்" என்றாள் அக்கா.

"ம்."

"இந்தத் தேதியில அவர் வாசல்வரை நடந்துக்கிட்டிருந்தார்." விரல் அடுத்த வரிக்கு நகர்ந்தது. "இது கட்டிலை ஜன்னல் பக்கம் மாத்தின வாரம்." அடுத்த வரி. "இது பேச்சு குறைஞ்சுபோன மாசம். உனக்கு மட்டும் போன் போடுவார்."

மீட்டர்காரர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பயந்தியாடா? ஊசிக்கா?"

பயம் என்று சொல்லித் தப்பித்திருக்கலாம். ஒன்றுக்குப் பத்தாகச் சொல்லியே பழகிய வாய், அன்று பார்த்து இருந்ததை இருந்தபடி சொன்னது.

"சின்னதா இருந்துச்சுக்கா. வைத்தியம் ரொம்பச் சின்னதா இருந்துச்சு. நான் எல்லார்கிட்டயும் பெரிசா சொல்லியிருந்தேன்."

அக்கா கண்ணாடியைக் கழற்றினாள். காகிதங்களின் ஓரங்களை மேசையில் தட்டிச் சமப்படுத்தி, அடுக்கி, கோப்பின் நாடாவைக் கட்டி அவரிடம் நீட்டினாள்.

"உனக்கு அவர்மேல ஏதோ கோபம்னு நெனச்சுட்டிருந்தேன்" என்றாள். "கோபமா இருந்திருந்தா பரவாயில்ல."

படிகளை ஏறுவது முன்பே அவருக்குச் சுலபம். இப்போது இன்னும் சுலபம். அதன்பிறகு அவர் தினமும் நடந்தார், மைல் கணக்கில் நடந்தார். எந்தத் தெருவில் போனாலும் கால்கள் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசவில்லை. கடையில் உட்கார்ந்தால் பேப்பர் படித்தார். கதையை அவர் எடுப்பதில்லை, மற்றவர்கள்தான் எடுத்தார்கள்.

ஒரு நாள் முற்பகல், வாடகைக்கு வாங்கியிருந்த மூச்சு இயந்திரத்தைத் திருப்பிக் கொடுக்க, இரண்டு ஆட்கள் அதைப் படிகளில் தூக்கி வந்தார்கள். பின்னால் அக்கா ஏறிவந்து, கடை வாசல் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினாள். உள்ளே தம்பி இருப்பதைப் பார்த்தாள். கடைக்காரருக்கு இப்படிப்பட்ட சந்தர்ப்பம் தினமுமா வரும்?

"நல்ல நேரத்துக்கு வந்தீங்கம்மா. நீங்களே தீர்ப்பு சொல்லுங்க. முதுகுல மிளகளவு ஓட்டை போட்டு, அன்னைக்கே உங்க வீட்டுக்குப் படியிறங்கி வந்தேன்னு உங்க தம்பி அளந்தாரு. நாங்க யாரும் நம்பல. இப்ப கேட்டா வாயே திறக்கமாட்டேங்கறாரு. பொய்தானே?"

எல்லாரும் சிரிப்பைத் தயாராக வைத்துக்கொண்டு அவளைப் பார்த்தார்கள். மீட்டர்காரரும் பேப்பருக்கு மேலே பார்த்தார். பொய் என்று சொல்லிவிடு அக்கா என்று அவர் மனதுக்குள் கெஞ்சினார். ஒரே ஒரு தடவை, இவன் சொல்வதெல்லாம் பொய் என்று சொல்லிவிடு.

அக்கா மூச்சு சீராகும்வரை நின்றாள்.

"இல்ல, நிஜம்தான்" என்றாள். "மிளகளவுதான். ஒரு நாள் வேலைதான். அன்னைக்கே இறங்கி வந்தான். நான்தான் கதவைத் திறந்தேன்."